மறைக்கத் தக்கதும் மறைக்கத் தகாததும்

எழுதியதை உரியவர் அன்றிப் பிறர் படிக்கலாகாது என்னும் எண்ணம், எழுத்து எவ்வளவு பழமையானதோ ஏறக்குறைய அவ்வளவு பழமையானது. அரசரும் படைத்தலைவரும் வணிகரும் இதற்கெனப் பல உபாயங்களைக் கையாண்டனர். எழுத்துக்களை இடம் மாற்றி வைத்தனர்; ஓர் எழுத்துக்குப் பதிலாகப் பிறிதோர் எழுத்தை எழுதினர்; சொற்களை எண்களாற் குறித்தனர். இவற்றை மறைகுறி முறைகள் என்று கூறலாம். இம்முறைகள் அரண்மனையையும் பாசறையையும் விட்டு வெளியேறி நெடுங்காலமாகிவிட்டது. இன்று சாதாரண மனிதனின் வங்கிக் கணக்கும், கடல் கடந்து வாழும் மகனுக்குத் தாய் கைத்தொலைபேசியில் அனுப்பும் செய்தியும் கணினிகள் இயற்றும் மறைகுறிப் படிமுறைகளின் காவலிலேயே உள்ளன. ஆகவே, இப்படிமுறைகள் எவ்வாறு இயங்குகின்றன, அவற்றை எதனால் நம்புவது என்பன பொதுமக்களின் வினாக்களாகிவிட்டன.

இவ்வினாக்களுக்கு விடை கூறுவோர் இரு தரப்பினர். முறை நல்லது, நாங்கள் சோதித்துவிட்டோம், நீங்கள் நம்புங்கள் என்பது ஒரு தரப்பு. முறை இது, இதனை இவ்வாறு அமைத்தமைக்குக் காரணம் இது, ஐயமிருப்பின் உடைத்துப் பாருங்கள் என்பது மறுதரப்பு. நூறாண்டுக்கு மேலாக இவ்விரு தரப்பாருக்குமிடையே நடந்துவரும் வழக்கின் வரலாற்றைச் சுருக்கமாக நோக்குவதே இக்கட்டுரையின் கருத்து.

தமிழ் இலக்கணம் பயின்றோருக்கு இவ்வழக்கின் தன்மை எளிதிற் புலப்படும். நூற்பா விதியைக் கூறும். அவ்விதி ஏன் அவ்வாறு அமைந்தது என்பதை உரை ஆராயும். இளம்பூரணர் கொண்ட பொருளைச் சேனாவரையர் பல இடங்களில் மறுத்தார். இவ்வாறு மறுக்க முடிந்தமைக்குக் காரணம், விதியும் அதற்குக் கூறப்பட்ட காரணமும் யாவர்க்கும் வெளிப்படையாகக் கிடந்தமையே. மறைகுறி வரலாற்றிலோ, நூற்பாவையே மறைத்த காலமும் உண்டு; நூற்பாவை வெளியிட்டு உரையை மறைத்த காலமும் உண்டு. பின்னது முன்னதிலும் நுட்பமான மறைப்பு.

ஒரு மொழியாசிரியரின் விதி

மறைகுறியை விடுவிக்கும் கலைக்கு மொழியாராய்ச்சியே தாயாக இருந்தது. ஒன்பதாம் நூற்றாண்டிற் பக்தாத் நகரில் வாழ்ந்த அல்-கிந்தி என்னும் பேரறிஞர், ஒரு மொழியில் எந்த எழுத்து எவ்வளவு மிகுதியாகப் பயின்று வருகின்றது என எண்ணிக் கணித்தால், எழுத்துக்கு எழுத்து மாற்றி எழுதப்பட்ட இரகசியத்தை விடுவிக்கலாம் என்று விளக்கினார். மறைகுறியில் அதிகமாகத் தோன்றும் குறி, அம்மொழியில் அதிகமாகத் தோன்றும் எழுத்தைக் குறிக்கக்கூடும் என்பது அவர் கண்ட உண்மை. மாற்றெழுத்து அட்டவணையை எவ்வளவு பத்திரமாகப் பூட்டி வைத்தாலும் பயனில்லை என்பது இதனால் வெளியாயிற்று.

இவ்வுண்மையிலிருந்து விதியொன்றை வகுத்தவரும் மொழி கற்பித்த ஓர் ஆசிரியரே. ஒல்லாந்திற் பிறந்து பிரான்சிற் பணியாற்றிய ஓகஸ்ற் கேர்க்கொஃப்ஸ், 1883ஆம் ஆண்டு பிரெஞ்சு இராணுவ விஞ்ஞான சஞ்சிகையொன்றில் ஆறு நிபந்தனைகளை எழுதினார். அவற்றுள் இரண்டாவது புகழ் பெற்றது: முறை இரகசியமாக இருத்தல் வேண்டும் என்னும் தேவை இருக்கலாகாது, அது பகைவன் கையில் அகப்பட்டாலும் தீங்கு நேரலாகாது. தந்தி பரவி, பெரும் படைகள் தோன்றிவிட்ட காலம் அது. ஆயிரம் பேர் கையாளும் முறையொன்றை இரகசியம் என்று கூறுவது தம்மைத் தாமே ஏமாற்றுவதாகும். மறைக்க வேண்டியது திறவுகோலை மட்டுமே. திறவுகோல் களவு போயின் வேறொன்றை ஒரு நாளில் மாற்றிவிடலாம். முறை களவு போயின் அனைத்தையும் புதிதாகவே அமைக்க வேண்டும். 1949இல் அமெரிக்கக் கணிதவியலாளர் குளோட் ஷனன் வெளியிட்ட ஆய்வும், பகைவன் முறையை அறிவான் என்று எடுத்துக்கொண்டே தொடங்கியது.

இவ்விதிக்கு ஒரு சமூகப் பொருளும் உண்டு. முறையை மறைப்பதாற் பாதுகாப்புக் கூடாது எனின், அதனை மக்களிடமிருந்து மறைப்பதற்குப் பாதுகாப்பைக் காரணமாகக் காட்டவும் இயலாது. அரசுகள் இதன் முதற் பாதியை ஏற்றன. இரண்டாம் பாதியை ஏற்கத் தயங்கின.

விதி வெளியே, காரணம் உள்ளே

1973இல் அமெரிக்க அரசின் தேசிய நியமப் பணியகம், வங்கிகளும் வணிக நிலையங்களும் பயன்படுத்தத்தக்க மறைகுறி முறையொன்றைப் பகிரங்கமாகக் கோரியது. ஐ.பி.எம். நிறுவனம் அளித்த முறை 1975 மார்ச்சில் அந்நாட்டு வர்த்தமானியில் முழுமையாக அச்சாகி, 1977இல் நியமமாயிற்று. அதுவே டெஸ் எனப்படும் படிமுறை. செய்தியை 64 பிட் கொண்ட துண்டுகளாக்கி, ஒவ்வொன்றையும் இரு பாதியாகப் பகுத்து, பதினாறு சுற்றுக்கள் கலக்குவது அதன் இயல்பு. ஒவ்வொரு சுற்றிலும் எட்டு மாற்றீட்டு அட்டவணைகள் தொழிற்படும். ஆறு பிட் உள்ளே சென்றால் நான்கு பிட் வெளியே வரும். இம்முறையின் பலம் முழுவதும் இவ்வட்டவணைகளிலேயே தங்கியுள்ளது.

அட்டவணைகளின் எண்கள் யாவும் அச்சில் இருந்தன. ஆனால் அவ்வெண்கள் ஏன் தெரிந்தெடுக்கப்பட்டன என்பது கூறப்படவில்லை. அமெரிக்காவின் தேசியப் பாதுகாப்பு முகவரகம் அக்காரணங்களை வெளியிடலாகாது எனக் கேட்டுக்கொண்டமையே இதற்கு ஏது. இதனால் அறிஞரிடையே இரு ஐயங்கள் எழுந்தன. அட்டவணைகளில் அரசு மட்டும் அறிந்த பொறியொன்று புதைந்திருக்குமோ என்பது ஒன்று. 56 பிட் திறவுகோல் மிகக் குறுகியதன்றோ என்பது மற்றொன்று. அவ்வளவிற் பெறத்தக்க திறவுகோல்கள் ஏறக்குறைய 720 கோடி கோடி. மனிதனுக்கு அது பெருந்தொகை, பொறிக்கு அன்று. ஸ்ரான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த விற்ஃபீல்ட் டிஃபியும் மாட்டின் ஹெல்மனும், இரண்டு கோடி டொலர் செலவிற் கட்டும் பொறி ஒரே நாளில் திறவுகோலைக் கண்டுபிடித்துவிடும் என 1977இற் கணக்கிட்டுக் காட்டினர். பணியகம் தன் முடிவை மாற்றவில்லை.

காலம் இவ்விரு ஐயங்களுக்கும் வெவ்வேறு தீர்ப்பளித்தது. 1990இல் இஸ்ரேலைச் சேர்ந்த எலி பிஹாமும் அடி ஷமீரும், சிறு வேறுபாடுடைய இரு செய்திகளை உட்செலுத்தி, அவ்வேறுபாடு சுற்றுத்தோறும் எவ்வாறு பரவுகின்றது என ஆராய்ந்து மறைகுறியை உடைக்கும் வழியொன்றை வெளியிட்டனர். இவ்வழிக்கு எதிராக டெஸ் வியக்கத்தக்க உறுதியுடன் நின்றது. 1994இல் ஐ.பி.எம். நிறுவனத்தின் டொன் கொப்பர்ஸ்மித், அவ்வழியைத் தாம் 1974இலேயே அறிந்திருந்ததாகவும், அதனைத் தாங்கும்படியே அட்டவணைகளை அமைத்ததாகவும் எழுதினார். அட்டவணைகள் பற்றிய ஐயம் இவ்வாறு நீங்கிற்று. திறவுகோல் பற்றிய ஐயமோ உண்மையாயிற்று. 1998இல் அமெரிக்கப் பொதுநல அமைப்பொன்று இரண்டரை இலட்சம் டொலருக்குட்பட்ட செலவிற் கட்டிய பொறி, மூன்று நாட்கள் நிறைவுறுமுன் டெஸ் திறவுகோலொன்றைக் கண்டுபிடித்தது.

மறைத்தவர்கள் அட்டவணை விடயத்தில் நன்மையே செய்தனர் என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆயினும் அந்நன்மைக்கு உலகம் கொடுத்த விலை யாது? விளக்கம் மறைக்கப்பட்ட இடத்தில் நல்லெண்ணமும் வஞ்சகமும் ஒரே முகத்துடன் தோன்றும். வெளியில் நிற்பவருக்கு அவற்றை வேறுபடுத்தி அறியும் வழியில்லை. மேலும், அறிவு பூட்டப்பட்டிருந்த ஆண்டுகளிற் பிறர் அதனை அறியாமலே புதிய முறைகளை ஆக்கினர். 1987இல் யப்பானில் வெளியான ஃபீல் என்னும் முறை, பிஹாமும் ஷமீரும் கண்ட அதே வழியினால் உடைபட்டது. காரணம் 1975இலேயே கூறப்பட்டிருப்பின், அம்முறையை வகுத்தோர் வேறு வகையிற் சிந்தித்திருப்பர்.

கேட்டவருக்கெல்லாம் தபாலில்

டெஸ் பற்றிய வாதம் நடந்த அதே ஆண்டுகளில் மறுதரப்பின் பெரும் வெற்றியும் நிகழ்ந்தது. பூட்டும் திறவுகோலும் திறக்கும் திறவுகோலும் வெவ்வேறாக இருக்கலாம், முன்னதை ஊருக்கெல்லாம் அறிவித்துவிடலாம் என்னும் கருத்தை 1976இல் டிஃபியும் ஹெல்மனும் வெளியிட்டனர். அடுத்த ஆண்டிலேயே மசாச்சுசெற்ஸ் தொழினுட்பக் கழகத்தைச் சேர்ந்த றிவெஸ்ற், ஷமீர், ஏடில்மன் ஆகிய மூவரும் அதற்கேற்ற கணிதத்தை அமைத்தனர். 1977 ஓகஸ்ட் மாதம் மாட்டின் கார்ட்னர் என்னும் எழுத்தாளர், சயன்றிஃபிக் அமெரிக்கன் மாத இதழின் கணித விளையாட்டுப் பகுதியில் இதனைப் பொது வாசகர்க்கு விளக்கினார். தன் முகவரி எழுதி முத்திரை ஒட்டிய உறையை அனுப்புவோருக்கு ஆய்வறிக்கையின் பிரதி இலவசம் என்றும் அறிவிக்கப்பட்டது. ஆயிரக்கணக்கான உறைகள் வந்து குவிந்தன.

அதற்கு முந்திய மாதமே, பாதுகாப்பு முகவரகத்தின் ஊழியர் ஒருவர், தனிப்பட்ட முறையில் எழுதுவதாகக் கூறி, பொறியியலாளர் சங்கமொன்றுக்குக் கடிதம் அனுப்பியிருந்தார். இத்தகைய ஆய்வுகளை வெளியிடுவது ஆயுத ஏற்றுமதிச் சட்டத்தை மீறுவதாகலாம் என்பது அதன் சாரம். கணிதக் கட்டுரை ஆயுதமாயிற்று! அவ்வாண்டு ஒக்டோபரில் நடந்த கருத்தரங்கில், மாணவர் இருவர் வாசிக்க வேண்டிய ஆய்வுகளைச் சட்டத்தரணியின் ஆலோசனைப்படி ஹெல்மனே வாசித்தார்; வழக்கு வரின் அது தம்மேல் வரட்டும், வாழ்க்கையைத் தொடங்கும் இளைஞர்மேல் வரலாகாது என்பது கருத்து. மாணவர்கள் அவர் அருகே நின்றனர். உறைகளுக்கான பிரதிகளும் சில மாதத் தாமதத்தின் பின் தபாலிற் சென்றன.

இதே கண்டுபிடிப்புக்கு இரகசியமான ஓர் இரட்டைப் பிறவியும் இருந்தது. பிரித்தானிய அரசின் செய்தித் தொடர்புத் தலைமையகத்திற் பணிபுரிந்த ஜேம்ஸ் எல்லிஸ் 1970இலேயே இக்கருத்தைக் கண்டார்; 1973இற் கிளிஃபோர்ட் கொக்ஸ் அதற்குக் கணிதம் அமைத்தார். இருவர் பணியும் அலுவலகப் பேழையிற் பூட்டப்பட்டது. 1997 டிசெம்பரில் அரசு இதனை வெளியிட்டபோது எல்லிஸ் உயிருடன் இல்லை. முந்திய மாதமே அவர் காலமாகிவிட்டார். முந்திப் பிறந்த அறிவு உலகிற்கு உதவவில்லை. பிந்திப் பிறந்து தபால் உறையிற் சென்ற அறிவே உதவியது.

ஐவர் பார்த்தனர்

1993இல் அமெரிக்க அரசு தொலைபேசி உரையாடல்களை மறைப்பதற்கெனக் கிளிப்பர் என்னும் சில்லை முன்வைத்தது. ஒவ்வொரு சில்லின் திறவுகோலும் இரு கூறாக்கப்பட்டு அரசின் இரு அலுவலகங்களில் இருக்கும். சட்ட அனுமதி பெற்றால் அரசு அவற்றை இணைத்து உரையாடலைக் கேட்கலாம். சில்லினுள் இருந்த ஸ்கிப்ஜாக் என்னும் படிமுறையோ இரகசியம். மக்களின் ஐயத்தைத் தீர்க்க அரசு கண்ட வழி, வெளியார் ஐவரை அழைத்துப் படிமுறையைக் காட்டி, அது நல்லதென்று அவர்களைக் கொண்டு கூறுவித்தமையே. ஐவரும் தகுதி வாய்ந்த அறிஞர் என்பதில் ஐயமில்லை. ஆயினும், சாட்சியைக் கேட்டு நம்புவதும் காரணத்தை அறிந்து ஏற்பதும் ஒன்றல்ல.

1994இல் மற் பிளேஸ் என்னும் ஆய்வாளர், அரசு செவிமடுப்பதற்கென அமைந்த பகுதியைச் சோதித்து, அதனை ஏமாற்ற வழியுண்டு எனக் காட்டினார். காவலுக்கு அங்கே வைக்கப்பட்ட சரிபார்ப்பு எண் 16 பிட் மட்டுமே. பொய்யெண்களை மாறி மாறி இட்டுப் பார்த்தால் ஒன்று பொருந்திவிடும். திட்டம் சில ஆண்டுகளிற் கைவிடப்பட்டது. 1998 யூன் மாதம் ஸ்கிப்ஜாக் வெளியிடப்பட்டதும், மொத்தம் 32 சுற்றுக்களில் 31 சுற்றுக்கள் வரை தாக்கும் வழியைப் பிஹாம், பிரியுக்கோவ், ஷமீர் ஆகியோர் விரைவிலேயே கண்டனர். முழு முறை உடையவில்லை; ஆனால் அது எவ்வளவு ஒடுங்கிய ஓரத்தில் நின்றது என்பதை ஐவரின் சாட்சியம் எவருக்கும் அறிவித்திருக்கவில்லை.

எளிமை ஆபத்தா?

இவ்வனுபவங்களின் பயனாகவே டெஸ் முறைக்குப் பதிலான புதிய நியமம் வேறு வகையில் உருவாயிற்று. 1997இல் உலகறிய அழைப்பு விடுக்கப்பட்டது. முறையை மட்டுமன்றி, ஒவ்வொரு முக்கிய முடிவுக்கும் காரணத்தையும் எழுத வேண்டும் என்பது நிபந்தனை. பதினைந்து முறைகள் ஏற்கப்பட்டன. கலிபோர்னியா, ரோம், நியூயோர்க் ஆகிய இடங்களில் நடந்த மாநாடுகளில் ஒருவர் முறையை மற்றவர் தாக்கினர். ஐந்து எஞ்சின. 2000 ஒக்டோபரில் பெல்ஜியத்தைச் சேர்ந்த யோன் டேமன், வின்சென்ற் றைமன் ஆகிய இருவரின் முறை தெரிவாகி, 2001 நொவம்பரில் நியமமாயிற்று. அமெரிக்க அரசின் நியமத்தைப் பிறநாட்டார் இருவர் ஆக்கினர் என்பது குறிப்பிடத்தக்கது.

இம்முறையின் மாற்றீட்டு அட்டவணை ஒன்றே. அதிலுள்ள 256 எண்களும் வெளிப்படையான கணித விதியொன்றிலிருந்து பிறப்பவை. பொறுமையுள்ள மாணவன் காகிதத்திற் கணித்தே அட்டவணை முழுவதையும் பெறலாம். ஈண்டு வாதம் தலைகீழாயிற்று. இவ்வளவு எளிதாக விளக்கத்தக்க முறை, அவ்வெளிமை காரணமாகவே உடைபடாதோ என்று சிலர் வினவினர். 2001இல் நீல்ஸ் ஃபேர்குசனும் வேறிருவரும் முழு முறையையும் ஒரு சமன்பாடாக எழுதிக் காட்டி இக்கவலையை வெளியிட்டனர். 2002இல் அச்சமன்பாடுகளைத் தீர்க்கும் வழியொன்றும் முன்மொழியப்பட்டது. ஆராய்ந்தபோது அது பயன் தரவில்லை. இன்றுவரை இம்முறையை நடைமுறையில் உடைக்கும் வழி எதுவும் வெளிவரவில்லை. எதிர்ப்பாளர் கவலை தவறாயிருக்கலாம். ஆனால் அவர்கள் அதனை எண்களுடன் எழுதவும், பிறர் எண்களுடன் மறுக்கவும் முடிந்தது. டெஸ் காலத்து ஐயத்துக்கு இருபதாண்டு விடையில்லை. இவ்வையமோ பிறந்த சில ஆண்டுகளில் ஆராயப்பட்டுவிட்டது.

விளக்கப்படாத இரு புள்ளிகள்

ஆயினும் பழைய வழக்கம் அழிந்துவிடவில்லை. திறவுகோல்களை ஆக்குவதற்கு எவராலும் ஊகிக்கவியலாத எண்கள் வேண்டும். 2006இல் வெளியான அமெரிக்க நியமமொன்று அதற்கென நான்கு முறைகளை விதந்துரைத்தது. அவற்றுள் ஒன்று, வளைகோடொன்றின் மீதுள்ள இரு புள்ளிகளை அடிப்படையாகக் கொண்டது. புள்ளிகள் அச்சில் இருந்தன. அவை எங்கிருந்து வந்தன என்பது கூறப்படவில்லை. மறுபடியும் நூற்பா உண்டு, உரை இல்லை! 2007இல் டான் ஷூமோவும், முன்னர் எளிமை பற்றிக் கவலைப்பட்ட அதே ஃபேர்குசனும், இவ்விரு புள்ளிகளையும் தொடர்புபடுத்தும் எண்ணை ஒருவர் அறிந்திருப்பின், வெளிவரும் எண்களிற் சிலவற்றைக் கண்டதும் அடுத்து வருவன யாவற்றையும் அவர் கணித்துவிடலாம் எனக் காட்டினர். எவரேனும் அறிந்திருந்தனர் என்று அவர்கள் குற்றஞ் சாட்டவில்லை. 2013 செப்டெம்பரில், எட்வேட் ஸ்னோடன் வெளிக்கொணர்ந்த ஆவணங்களை ஆதாரமாகக் கொண்டு, இந்நியமத்திற் பாதுகாப்பு முகவரகத்தின் கை இருந்ததெனப் பத்திரிகைகள் எழுதின. 2014இல் அம்முறை நீக்கப்பட்டது.

நேர்மையாக வகுப்போர் இவ்வையத்துக்கே இடம் வைப்பதில்லை. 1993இல் வெளியான புளோஃபிஷ் என்னும் முறை, தன் தொடக்க எண்களை வட்டத்தின் சுற்றளவுக்கும் விட்டத்துக்குமுள்ள விகிதத்தின் இலக்கங்களிலிருந்து எடுத்தது. இன்று பரவலாக வழங்கும் ஷா-256 என்னும் முறையில், முதல் 64 முதன்மை எண்களின் கனமூலங்களிலிருந்து மாறிலிகள் பெறப்படுகின்றன. எவரும் தம் விருப்பப்படி மாற்றமுடியாத எண்களை எடுத்தமையால், கையில் ஒளித்தது ஒன்றுமில்லை என்று விரித்துக் காட்டுவது போன்றது இது.

நமது வகுப்பறையில்

இனி, இவற்றை மாணவர்க்கு எவ்வாறு விளக்குவது என்னும் வினா எழுகின்றது. பெட்டி, பூட்டு, சாவி என்னும் உவமைகளே போதும், கணிதம் அவர்களை அச்சுறுத்தும் என்பார் உளர். உவமை வாயிலைக் காட்டும். ஆனால் அதிலேயே நின்றுவிட்டால் மயக்கும். அரசு நல்ல நோக்கத்துடன் ஒரு சாவியை வைத்திருந்தால் என்ன என்னும் கேள்வி, பெட்டி உவமையில் நியாயமாகவே தோன்றும். அவ்வேற்பாடு சாவி மட்டுமன்று, சுவரிற் புதிதாக இட்ட ஒரு வாயில் என்பதும், வாயில் தன்னைக் கடப்பவரின் நோக்கத்தை அறியாது என்பதும் முறையின் அமைப்பை நோக்கினாலன்றி விளங்கா.

கணிதமும் அவ்வளவு கடினமானதன்று. றிவெஸ்ற் முதலிய மூவரின் முறையைச் சிறு எண்களாற் செய்து பார்க்கலாம். 3, 11 ஆகிய முதன்மை எண்களைப் பெருக்க 33. பூட்டும் எண் 3 எனக் கொள்வோம். 33ஐயும் 3ஐயும் கரும்பலகையில் எழுதி யாவர்க்கும் காட்டலாம். அனுப்பவேண்டிய செய்தி 4 ஆயின், நான்கை மூன்று முறை எழுதிப் பெருக்க 64. அதனை 33ஆல் வகுக்க மீதி 31. இதுவே மறைகுறி. திறக்கும் எண் 7. 31ஐ ஏழு முறை எழுதிப் பெருக்கி 33ஆல் வகுத்தால் மீதி 4 மீண்டும் கிடைக்கும். ஏழு எவ்வாறு வந்தது? 3இலும் 11இலும் ஒவ்வொன்று குறைத்துப் பெருக்கினால் 20. மூன்றையும் ஏழையும் பெருக்கி 20ஆல் வகுத்தால் மீதி 1. ஆகவே 33ஐ 3, 11 எனப் பிரிக்கத் தெரிந்தவனுக்கு இரகசியம் வெளியாகிவிடும். நடைமுறையில் வழங்கும் எண்ணோ அறுநூறுக்கு மேற்பட்ட இலக்கங்கள் கொண்டது. அதனை நியாயமான காலத்திற் பிரிக்கும் வழி இன்றைய கணினிகளுக்கு இல்லை. இதனைக் கையாற் செய்து பார்த்த மாணவன், முறை முழுவதும் வெளிப்படையாக இருந்தும் திறவுகோல் எவ்வாறு மறைந்து நிற்கின்றது என்பதைத் தானே கண்டுகொள்வான்.

ஒவ்வொரு குடிமகனும் கணித நிபுணனாக வேண்டும் என்று நாம் கூறவில்லை. சோதிக்க விரும்பும் எவருக்கும் காரணம் கிடைக்க வேண்டும் என்பதே கோரிக்கை. தன்னால் இயலாதபோது, தன் சார்பிற் பிறர் சுதந்திரமாகச் சோதித்தனர் என்னும் உறுதியே சாதாரண மனிதனின் நம்பிக்கைக்குத் தகுந்த அத்திவாரம். தனிமனிதனின் கடிதம் மறைக்கத் தக்கது. அக்கடிதத்தைக் காக்கும் முறையும், அம்முறையின் காரணமும் மறைக்கத் தகாதவை. நடைமுறையிலோ, மக்களின் கடிதம் தமக்குத் திறந்திருக்க வேண்டும், தமது முறை மக்களுக்கு மூடியிருக்க வேண்டும் என்று அதிகார பீடங்கள் பலமுறை கேட்டன. இவ்வேற்பாட்டைக் கண்டதும் ஏன் என்று வினவுமாறு மாணவரைப் பழக்குவது கணித ஆசிரியருக்கு மட்டும் உரிய பணியன்று; வரலாறும் மொழியும் கற்பிப்போருக்கும் உரியதாகும்.